உன் மேஜையில் இருக்கும் இரும்பு

அன்பு மகனுக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை பகல் தபாலில் வந்தது. நான் அப்போது வீட்டில் இல்லை, ரேஷன் கடை வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். கவரின் மேல் என் பெயரை மட்டும்தான் எழுதியிருந்தாய். ஆனால் உன் கையெழுத்தைப் பார்த்தால் உன் அம்மாவுக்குக் கை நிற்காது என்பது உனக்குத் தெரியாததல்ல. நான் மண்ணெண்ணெய் டின்னோடு உள்ளே நுழைந்தபோது கடிதம் மடித்தபடி மேஜை மேல் டம்ளருக்கு அடியில் இருந்தது. அவள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. அவள் முகத்தில் ஒன்றும் தெரியாமல் இருந்தால் ஏதோ நடந்திருக்கிறது என்று அர்த்தம். இத்தனை வருடம் குடித்தனம் செய்ததில் அந்த அளவுக்காவது நான் படித்திருக்கிறேன்.

இரண்டு விஷயம் எழுதியிருந்தாய். முதலாவது, கல்யாணத்தன்று மாலை ரிசப்ஷன் மேடையில் அம்மாவுக்குப் பதிலாக உன் ரோசி அத்தை நிற்கட்டும் என்று. பெண் வீட்டுக்காரர்கள் வரிசையாக வந்து பேசுவார்கள், அம்மாவுக்குக் காது கேட்காது, ஒவ்வொருவரிடமும் திரும்பத் திரும்ப ‘இன்னா, இன்னா’ என்று கேட்டால் எல்லாருக்கும் சங்கடம், அம்மாவுக்கே கஷ்டம் என்று. அம்மாவுக்கே கஷ்டம் என்ற அந்தக் கடைசி வரியைத்தான் நான் இரண்டு தடவை படித்தேன். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுததாம். கோபித்துக்கொள்ளாதே. இந்த ஓநாய்ப் புத்தி உனக்கு யாரிடமிருந்து வந்தது என்று சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

இரண்டாவது விஷயத்தைக் கடிதத்தின் ஓரத்தில், இடம் மிச்சம் இருந்ததால் எழுதியது போல எழுதியிருந்தாய். ஓசூருக்கு வேலைக்குப் போகும்போது பெட்டியின் அடியில் அம்மா ஒரு நீலத் துணியில் சுற்றி ஏதோ இரும்புத் துண்டு வைத்திருந்தாள், இரண்டு வருடமாக மேஜையில் காகிதம் பறக்காமல் இருக்க அதைத்தான் வைத்திருக்கிறேன், கம்பெனி ஸ்டோரில் காட்டினால் யாருக்கும் தெரியவில்லை, எடைக்கல்லா, சுத்தியல் தலையா, என்னதான் அது என்று கேட்டிருந்தாய். மெக்கானிக்கல் டிப்ளமா படித்தவன் நீ. உன் பாடப் புத்தகத்தில் அது இருந்திருக்கும், ஒரு வரியில். நீ அதைத் தாண்டிப் போயிருப்பாய். உன்னைக் குறை சொல்லவில்லை. எல்லாரும் தாண்டிப் போகிற வரிதான் அது.

அதன் பெயர் டாலி. பெயர் ஒன்றுதான், ஆளுக்கு ஆள் அர்த்தம் வேறு. டிங்கர் பட்டறையில் போய்க் கேட்டால், நசுங்கிய கதவை நிமிர்த்தும்போது தகட்டுக்குப் பின்னால் முட்டுக் கொடுக்கிற, உள்ளங்கையில் அடங்கும் வழவழப்பான இரும்பைக் காட்டுவார்கள். மெஷின் ஏற்றி இறக்குகிறவர்களிடம் கேட்டால் சக்கரம் வைத்த பலகையை டாலி என்பார்கள். எங்கள் பஸ் பாடி கட்டும் ஷெட்டில் டாலி என்றால் ரிவிட்டுக்குப் பின்னால் பிடிக்கும் இரும்பு. பஸ்ஸின் வெளித் தகட்டை உள்ளே இருக்கும் சட்டத்தோடு சேர்த்து ரிவிட் அடிக்க வேண்டும். ஆயிரக்கணக்கான ரிவிட். வெளியே ஒருவன் நின்று ரிவிட்டைத் துளையில் சொருகி அதன் தலையில் காற்றுச் சுத்தியலால் அடிப்பான். உள்ளே ஒருவர் உட்கார்ந்து ரிவிட்டின் வாலில் டாலியை அழுத்திப் பிடிக்க வேண்டும். அடி வெளியே விழும், வால் உள்ளே நசுங்கிப் பரவி உட்காரும். டாலி கொஞ்சம் சாய்ந்தால் வாலும் சாயும், ரிவிட் ஆடும். அடிப்பவனை ரோட்டில் போகிறவன்கூடப் பார்க்கலாம். டாலி பிடிப்பவரை யாரும் பார்க்க முடியாது. எங்கள் ஷெட்டில் ஒருவன் கொஞ்சம் துள்ளினால் ‘இவனுக்கு எவன்டா டாலி?’ என்று கேட்பார்கள். பின்னால் யார் இருக்கிறார்கள் என்று அர்த்தம்.

நடுவில் தகடு இருப்பதால் இரண்டு பேரும் முகம் பார்த்துப் பேச முடியாது. அதனால் தட்டுதான் பேச்சு. டாலி பிடிப்பவர் தகட்டில் இரண்டு தட்டுத் தட்டினால் ‘தயார், அடி’. ஒரு தட்டு என்றால் ‘இன்னும் ஒரு அடி வேண்டும்’. மூன்று தட்டு என்றால் ‘உட்கார்ந்துவிட்டது, அடுத்தது’. இரண்டு தட்டு வராமல் வெளியே இருப்பவன் அடிக்கக் கூடாது. அடித்தால் உள்ளே இருப்பவர் விரல் போகும். இதை எனக்குக் காட்டிக்கொடுத்தவர் காதர் பாய். பூந்தமல்லிக்காரர், என் ஜோடி. அந்த டாலி அவருடையது. லாரி ஆக்ஸில் துண்டை வெட்டி, நாலு முகமும் தேய்த்து, கட்டைவிரல் பதிய ஒரு பக்கம் குழி எடுத்து அவரே செய்துகொண்டது. உன் மேஜையில் இருப்பதைத் திருப்பிப் பார், குழி இருக்கும்.

காதர் பாயும் நானும் நாலு வரிசைக்கு ஒரு தடவை இடம் மாற்றிக்கொள்வோம். நாலு வரிசை அவர் உள்ளே, நாலு வரிசை நான் உள்ளே. நான் சோம்பேறித்தனப்பட்டு ‘இன்னொரு நாலு நீங்களே பிடிங்க பாய்’ என்றால் விடமாட்டார். ‘மாத்து மச்சான். போற காது ரெண்டு பேருக்கும் பாதிப் பாதியா போவட்டும்’ என்பார். உள்ளே இருக்கும்போது சத்தம் எப்படி என்று உனக்கு எழுதிக் காட்ட முடியாது. தகரப் பீப்பாய்க்குள் தலையை விட்டுக்கொண்டு வெளியே நாலு பேரை விட்டு அடிக்கச் சொன்னால் ஓரளவு தெரியும். இரண்டு காதிலும் பஞ்சு வைக்காமல் பாய் பஸ்ஸுக்குள் ஏறியதே இல்லை, என்னையும் ஏற விட்டதில்லை. எண்பதுகளின் தொடக்கத்தில் அவருக்கு வளைகுடாவில் வேலை கிடைத்தது. போகிற அன்று டாலியை என் கையில் கொடுத்து, ‘இத கண்டவன் கையில குடுத்துடாத’ என்றார்.

கண்டவன் கையில் கொடுத்துப் பார்த்தேன். இரண்டு பேர் வந்தார்கள். ஒருவன் டாலியைச் சாய்த்தான், இன்னொருவன் பாதியில் தூங்கினான். எங்களுடையது ஜோடி வேலை. ஜோடி இல்லாதவனுக்கு ரிவிட் வேலை இல்லை. மூன்று வாரம் நான் ஜன்னல் சட்டத்தை அரத்தால் ராவிக்கொண்டிருந்தேன். அப்போது நாம் காட்டுப்பாக்கத்தில், ஷெட்டிலிருந்து நடக்கிற தூரத்தில், அத்தை வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளிக் குடியிருந்தோம். உனக்கு மூன்று வயது. உன் அம்மா ஒருநாள் சாப்பாடு கொண்டு வந்தாள். மத்தியான நேரம், ஷெட்டில் ஆள் இல்லை. பக்கவாட்டில் ஒரே ஒரு வரிசை பாக்கி நின்ற தகடு. ‘ஏம்மே, சும்மா ஒரு வரிசை, இத அழுத்திப் புடிச்சிகினு குந்து’ என்றேன். விளையாட்டாகத்தான் சொன்னேன். அவள் புடவையை இழுத்துச் சொருகிக்கொண்டு ஏறிவிட்டாள். தட்டுக் கணக்கை ஒரு தடவைதான் சொன்னேன். டாலி அவள் கைக்குப் பெரிது. அன்று கைக்குட்டையைச் சுற்றிக்கொண்டாள். மறுநாள் தன் நீல ஜாக்கெட் துணியில் மிச்சம் இருந்ததைக் கிழித்துக்கொண்டு வந்தாள். அந்தத் துணியை நீ தூக்கிப் போட்டுவிட்டாயா? அது சுற்றி அனுப்பிய துணி அல்ல, பிடித் துணி.

மேஸ்திரி வந்து வரிசையைத் தடவிப் பார்த்தார். ‘உன் ஊட்டுக்காரி கை நல்லா நிக்குதுபா’ என்றார். அப்படியே ஐந்து வருடம் ஓடிவிட்டது. ஷெட்டின் பதிவில் அவள் பெயர் கிடையாது. பெண்டாட்டியை பஸ்ஸுக்குள் உட்காரவைத்து வேலை வாங்குகிறான் என்று ஊரில் பேசுவார்களே என்று நான் வெளியில் சொல்லவில்லை. சாப்பாடு கொடுக்கப் போகிறாள் என்று சொல்லிவைத்தேன். உனக்கும் அதையேதான் சொன்னோம். காலை ஒன்பது மணிக்குச் சாப்பாடு கொடுக்கப் போய் மாலை ஐந்து மணிக்குத் திரும்பி வருகிற அம்மாவைப் பற்றி நீ ஒருநாளும் கேட்கவில்லை. குழந்தைதானே. அத்தை வீட்டில் முறுக்கு கிடைத்தது, இருந்துவிட்டாய்.

இப்போது சொல்லப்போவதை நான் மாதா கோயில் பாவசங்கீர்த்தனத்தில்கூட முழுதாகச் சொன்னதில்லை. சாமியாருக்கு ரிவிட் பற்றி எங்கே விளக்குவது என்று எனக்கு நானே ஒரு சாக்குச் சொல்லிக்கொண்டேன்.

காதர் பாயின் பழக்கத்தைச் சொல்லி, முதல் வாரமே அவளுக்கும் பஞ்சு வைத்துக்கொள்ளச் சொன்னேன். தலையணையிலிருந்து பிய்த்த இலவம்பஞ்சு. சில மாதம் அப்படித்தான் வேலை நடந்தது. பிறகு ஒருநாள் ஒரு வண்டியின் பின்பக்கத் தகட்டை மேஸ்திரி சின்னச் சுத்தியலால் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டு வந்தார். நன்றாக உட்கார்ந்த ரிவிட்டைத் தட்டினால் டண் என்று ஒரே சத்தம் வரும். உட்காராதது லொட லொட என்னும். அந்த வண்டியில் பதினோரு லொடலொட. ஷெட்டில் இருந்த அத்தனை பேர் முன்னாலும் ‘பொம்பளைய வெச்சி வேல செஞ்சா இப்டித்தான்’ என்றார். எனக்கு ரத்தம் தலைக்கு ஏறியது. மேஸ்திரியிடம் காட்ட முடியாத கோபம். நேராக வண்டிக்குள் ஏறினேன். அவள் அடுத்த வரிசைக்குத் தயாராக உட்கார்ந்திருந்தாள். அவள் காதிலிருந்த பஞ்சை, இரண்டு காதிலிருந்தும், நானே பிடுங்கி ஜன்னல் ஓட்டை வழியாக வெளியே எறிந்தேன். ‘சத்தத்த கேட்டாத்தானே உக்காந்துச்சா இல்லியான்னு தெரியும். காதுக்கு மூடி போட்டுகினு குந்திகினு கீற’ என்றேன்.

அவள் டாலியை எடுத்துத் தகட்டில் வைத்தாள். நான் வெளியே வந்து சுத்தியலைப் பிடித்தேன். உள்ளே இருந்து இரண்டு தட்டு வந்தது. அடித்தேன்.

அதற்குப் பிறகு எங்கள் வண்டியில் ஒரு ரிவிட் ஆடியதில்லை. அவளுக்கு அப்படி ஒரு காது. வால் பாதி உட்கார்ந்திருந்தாலே சத்தத்தில் கண்டுபிடித்து ஒரு தட்டுத் தட்டுவாள். எந்த மேஸ்திரி அன்று ஏசினாரோ அவரே, நல்ல வேலைக்காரன் என்று புதிதாக வருகிறவர்களிடம் என்னைக் காட்டுவார். என்னை. நானும் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு நின்றேன்.

காதர் பாயோடு நாலு வரிசைக்கு ஒரு தடவை மாற்றிக்கொண்ட நான், உன் அம்மாவோடு ஐந்து வருடத்தில் ஒரு வரிசைகூட மாற்றிக்கொள்ளவில்லை. அவளுக்குக் காற்றுச் சுத்தியல் பிடிக்கத் தெரியாது, கனம், வெளியே நின்றால் நாலு பேர் பார்ப்பார்கள் என்று நூறு காரணம் வைத்திருந்தேன். பிடிக்கத் தெரியாது என்று யார் பார்த்தது? நான் அவள் கையில் ஒருநாளாவது கொடுத்துப் பார்த்தேனா? இன்னொரு காரணமும் வைத்திருந்தேன், அதுதான் எல்லாவற்றிலும் கேவலம். அவள் இரண்டு தட்டுத் தட்டிய பிறகுதானே நான் அடித்தேன், ஒவ்வொரு அடியும் அவள் சம்மதத்தோடு விழுந்ததுதானே என்று பல வருடம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இன்றைக்கு எனக்குக் காது பாம்புக் காது. அண்ணனூர் ஸ்டேஷனில் மைக்கில் சொல்வது வீட்டில் உட்கார்ந்தபடியே எனக்குக் கேட்கிறது.

முதலில் சாயங்காலத்தில் அரைமணி நேரம் அவளுக்குக் காது அடைத்திருக்கும். நீ அத்தை வீட்டிலிருந்து ஓடிவந்து ஏதாவது சொன்னால், ‘இரு கண்ணு, காது அடச்சிகினு கீது’ என்பாள். அரைமணி ஒரு மணியானது. பிறகு ராத்திரி சாப்பாடு வரை. பிறகு காலையில் எழுந்த பிறகும். இதெல்லாம் எனக்குத் தெரியும். தெரியாது என்று சொன்னால் அது இன்னொரு பொய். தூங்கினால் சரியாகிவிடும் என்று விட்டேன். கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்பார்களே, நான் அதைக்கூடச் செய்யவில்லை.

உனக்கு எட்டு வயது ஆனபோது ஒருநாள், ஒரு ரிவிட் அடித்த உடனே எனக்கே வெளியே தெரிந்தது, அது லொடலொட என்று. உள்ளே இருந்து மூன்று தட்டு வந்தது. உட்கார்ந்துவிட்டது, அடுத்தது. நான் சுத்தியலை நிறுத்திவிட்டு, தூங்கிவிட்டாளா என்று திட்டிக்கொண்டே உள்ளே ஏறினேன். அவள் எனக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, முந்தானையால் டாலியின் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கூப்பிட்டேன். திரும்பவில்லை. இன்னும் கிட்டே போய், அவள் பெயரைச் சொல்லி மூன்று தடவை கூப்பிட்டேன். மூன்றாவது தடவை கத்தினேன் என்றே சொல்ல வேண்டும், பக்கத்து வண்டியில் வேலை செய்தவன் எட்டிப் பார்த்தான். அவள் நிதானமாகத் துடைத்துக்கொண்டிருந்தாள். தோளில் கை வைத்தேன். திரும்பிப் பார்த்துச் சிரித்து, ‘இன்னாய்யா, டீ வந்துடிச்சா?’ என்றாள்.

அன்று என்ன செய்தேன் தெரியுமா? வெளியே வந்தேன். அந்த வண்டியில் இன்னும் இரண்டு வரிசை பாக்கி இருந்தது. அதை அடித்து முடித்தோம். பிறகுதான் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

டாக்டர் பார்த்துவிட்டு இது சத்தத்தால் வந்தது, திரும்பாது என்றார். என்ன வேலை செய்கிறார்கள் என்று அவர் கேட்டதற்கு நான் பதில் சொல்லவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை உன் மாமா கோவில்பதாகையிலிருந்து வந்து, ‘எந்தங்கச்சிக்கு இன்னாடா ஆச்சி?’ என்று என் சட்டையைப் பிடிக்காத குறையாகக் கேட்டார். அதற்கு முந்தின வருடம் அவளுக்கு டைபாய்டு வந்திருந்தது. ‘சொரத்துல பூடிச்சி மச்சான்’ என்றேன். என் வாயைத் தவிர வேறு எதையும் பார்க்காமல் அவள் பக்கத்திலேயே நின்றிருந்தாள். உன் மாமா அவள் பக்கம் திரும்பியதும் தலையை ஆட்டி, ‘சொரந்தாண்ணா’ என்றாள். என் பொய்க்கு அன்றும் அவள்தான் பின்னால் இருந்து முட்டுக் கொடுத்தாள். அம்மாவுக்குக் காது போனது காய்ச்சலால் என்று நீ பெண் வீட்டில் சொன்ன கதை அங்கே பிறந்ததுதான். பரம்பரையாக வருமா என்று அவர்கள் கேட்டதில் தவறில்லை, பெண்ணைக் கொடுக்கிறவர்கள் கேட்கத்தான் செய்வார்கள். வருகிற ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு நானே சம்பந்தி வீட்டுக்குப் போய் உண்மையைச் சொல்லப்போகிறேன். அதனால் உன் கல்யாணத்துக்கு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாது. ஆனால் அந்தப் பொய்யின் மேல் நின்று உன்னை ஆசீர்வதிக்க எனக்கு மனம் வரவில்லை.

காது போன பிறகு நாம் இரண்டு பேரும் அவளுக்குச் செய்தது ஒன்று இருக்கிறது. நாம் பேசிச் சிரிக்கும்போது அவள் அடுப்படியிலிருந்து வந்து ‘இன்னா, இன்னா சொன்ன?’ என்று கேட்பாள். ‘ஒண்ணுமில்ல’ என்போம். நான் சொல்வேன், பார்த்து நீயும் சொல்லக் கற்றுக்கொண்டாய். திரும்ப ஒரு தடவை அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல நமக்கு அலுப்பு. அவள் சரி என்று திரும்பிப் போய்விடுவாள். பதினைந்து வருடமாக நாம் அவளிடம் அதிகமாகச் சொன்ன வார்த்தை அதுதான். நீ படிக்காமல் சுற்றிய காலத்தில் ஒருநாள் நான் உன்னை, ‘செவிடன் காதில் ஊதின சங்கு மாதிரி நிக்கிறான் பாரு’ என்று ஏசினேன், ஞாபகம் இருக்கிறதா? அவள் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அதற்குப் பிறகு அந்தப் பழமொழியை நான் வாயில் எடுத்ததில்லை. ஆனால் எடுத்தது எடுத்ததுதான்.

இனி இந்த வாரம் நடந்ததைச் சொல்கிறேன். செவ்வாய்க்கிழமை உன் கடிதத்தைப் படித்த பிறகு சாப்பாடு போடும்போது, ‘ரோசியே நிக்கட்டும்யா. எனக்கும் ரொம்ப நேரம் நின்னா கால் மரத்துப் பூடுது’ என்றாள். அவளுக்குக் காலில் ஒரு கோளாறும் இல்லை. நான் வழக்கம் போல வாயைத் திறக்கவில்லை. வியாழக்கிழமை அத்தை வந்திருந்தாள். அவளைப் பஸ் ஏற்றிவிடப் போனபோது அவள் ஒயர் கூடையில், மடிப்புக் கலையாமல், உன் அம்மாவின் அரக்குப் பட்டு. உன் கல்யாணத்துக்கென்று ஆவடியில் மூன்று கடை ஏறி இறங்கி அவள் எடுத்த அதே புடவை. ‘இது ஏதுடி?’ என்று கேட்டேன். ‘அண்ணிதான் குடுத்தாங்கண்ணா. மேடையில நிக்கிறவங்கதான் நல்லதா கட்டணும்னு சொன்னாங்க. நீங்க எல்லாம் பேசி முடிவு பண்ணதுன்னு நெனச்சேன்’ என்றாள். பஸ் வந்தது, ஏறிப் போய்விட்டாள். கூடையை அவள் கையிலிருந்து வாங்கியிருக்கலாம். வாங்கவில்லை.

வீட்டுக்கு வந்து உன் பழைய சிலேட்டை எடுத்தேன். அவளோடு நீளமாகப் பேச வேண்டுமென்றால் அதுதான் இன்னும் எங்களுக்கு. அவளை உட்காரவைத்து, ‘அன்றைக்குப் பஞ்சைப் பிடுங்கியது என் தப்பு’ என்று எழுதிக் காட்டினேன். இதை எழுத எனக்குக் கிட்டத்தட்ட இருபது வருடம் ஆகியிருக்கிறது. அழுவாள், இல்லை விடுய்யா என்பாள் என்று நினைத்தேன். அவள் சிலேட்டை வாங்கிப் படித்தாள். பிறகு, தன் குரல் எவ்வளவு உயரம் என்று தெரியாததால் வழக்கமாகப் பேசும் அந்தத் தாழ்ந்த குரலில் சொன்னாள்.

‘நீ புடுங்கனது இன்னாய்யா, கோவத்துல புடுங்கன. மறுநாளும் நான் முந்தானையில பஞ்சு முடிஞ்சிகினுதான் வந்தேன். அஞ்சு வருசமும் முடிஞ்சிகினுதான் வந்தேன். நீயே ஒரு நாளு வெச்சிக்கம்மேன்னு சொல்லுவன்னு பாத்துகினு இருந்தேன்.’

சொல்லிவிட்டுச் சிலேட்டைத் துடைத்து ஆணியில் மாட்டிவிட்டு உலை வைக்கப் போய்விட்டாள். நான் அங்கேயே உட்கார்ந்திருந்தேன். இத்தனை வயதில் அடுப்படிக்குக் கேட்கிற மாதிரி அழுதேன் மகனே. கேட்கிற மாதிரி என்று எழுதுகிறேன் பார்.

உனக்குப் புத்தி சொல்லும் யோக்கியதை எனக்கு இருக்கிறதா என்று தெரியவில்லை. ஆனாலும் கல்யாணம் ஆகப்போகிற பிள்ளைக்கு அப்பன் ஏதாவது சொல்லித்தானே ஆக வேண்டும். காதர் பாய் சொன்னதையே சொல்கிறேன். மாற்றிக்கொள். சமையலோ, சம்பாத்தியமோ, பிள்ளை அழுதால் எழுந்திருப்பதோ, நாலு வரிசைக்கு ஒரு தடவை நீ உள்ளே போய் உட்கார். அவள் தட்டுகிறாளே, சரி என்றுதானே அர்த்தம் என்று நினைத்துவிடாதே. வேறு வழி இல்லாதவரும் தட்டத்தான் செய்வார். வந்து கொஞ்ச நாளிலேயே அந்தப் பெண், உன் அம்மாவைப் போல, தனக்கு வேண்டியதை வாய்விட்டுக் கேட்பதை நிறுத்திவிட்டாள் என்றால் எல்லாம் நன்றாகப் போகிறது என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ளாதே. அன்று நீ பயப்பட வேண்டும்.

டாலியை ஏன் உன் பெட்டியில் வைத்தாள் என்று அன்றே கேட்டேன். ‘அங்க ஆணி கீணி அடிக்கணும்னா கல்லு தேடிகினு திரிவான்’ என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். அதற்கு மேல் நான் அர்த்தம் கற்பிக்க விரும்பவில்லை. அவளிடம் சொந்தம் என்று இருந்த கனமான பொருள் அது ஒன்றுதான், அதை உனக்குக் கொடுத்திருக்கிறாள்.

நீ அடுத்த சனிக்கிழமை வருவதாக எழுதியிருக்கிறாய். நானே போய் அந்தப் புடவையை வாங்கி வந்துவிடலாம். ஆனால் நான் கொடுத்தால் அவள் வாங்கி அலமாரியில் வைப்பாள், கட்டமாட்டாள். மேடையில் அவள் நிற்க வேண்டாம் என்று எழுதியது உன் கை. அதனால் பூந்தமல்லியில் இறங்கியதும் ஆவடி பஸ்ஸைப் பிடிக்காதே. போரூர் போகிற பஸ்ஸில் ஏறிக் காட்டுப்பாக்கத்தில் இறங்கு. அத்தையிடம் நான் சொல்லிவைத்திருக்கிறேன், புடவையை எடுத்து வைத்திருப்பாள். இங்கே நீ வந்து சேரும் நேரத்துக்கு உன் அம்மா வாசலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அடுப்படியில்தான் இருப்பாள். கூப்பிடாதே, கேட்காது. அவள் எதிரே போய் நின்று புடவையை அவள் கையில் கொடு. ‘இன்னா?’ என்று கேட்பாள்.

ஒண்ணுமில்ல என்று மட்டும் சொல்லிவிடாதே.

உன் அப்பா